பலகையில் இருக்கும் அந்தக் காகிதத்தை எடுங்கள்

கோவில் தலைவர், செயலாளர், பொருளாளர், அறங்காவலர்கள் அனைவருக்கும்,

பங்குனி உத்திரம் முடிந்த மூன்றாம் நாள் கோவில் அறிவிப்புப் பலகையில் நீங்கள் ஒட்டிய காகிதம் இன்னும் அங்கேதான் இருக்கிறது. மழை பிடித்து மை கொஞ்சம் கரைந்திருக்கிறது, ஆனாலும் படிக்க முடிகிறது. "மது அருந்திய நிலையில் கோவில் வளாகத்தில் தகாத முறையில் நடந்துகொண்டதாலும், கணக்கில் குறைவு காணப்பட்டதாலும்" என் அப்பாவைக் கணக்கர் பொறுப்பிலிருந்து நீக்கியிருப்பதாகவும், அன்னதானக் கூடத்துக்குள் அவர் வரக் கூடாது என்றும் எழுதியிருக்கிறீர்கள். தமிழில் ஒரு பத்தி, பர்மியத்தில் ஒரு பத்தி. பர்மியத்தில் எதற்கு என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. சந்தைக்குப் போகிறவர்களும் நின்று படிக்கட்டும் என்றா?

வைகாசியில் ஆஸ்பத்திரிக் காகிதங்களை நகல் எடுத்துச் செயலாளர் ஐயா கையில் கொடுத்தேன். போன வாரம்தான் பதில் வந்தது, அதுவும் வாய்வார்த்தையாக. "கமிட்டி முடிவு எடுத்தது எடுத்ததுதான். வயசானவர், வீட்டில் இருக்கட்டும். அடுத்த வருஷம் பார்க்கலாம்." உங்களில் இருவரை மாமா என்றும் ஒருவரைப் பெரியப்பா என்றும் கூப்பிட்டு வளர்ந்தவள் நான். வீட்டு வாசலில் நின்று பேசிப் பார்த்தாயிற்று. அதனால் இனி எல்லோரும் படிக்கும்படி எழுதுகிறேன்.

அப்பாவுக்கு வந்தது ஈரல் நோய். அது முற்றி மூளையைத் தொட்ட நாளில்தான் நீங்கள் அவரைப் பார்த்தீர்கள்.

அன்றைக்கு நடந்ததை ஒழுங்காகச் சொல்கிறேன். உத்திர விரதம் என்று அப்பா மூன்று நாள் ஒரு வேளைதான் சாப்பிட்டார். வெயில் உங்களுக்கே தெரியும். வயிற்றில் நீர் கோத்திருந்ததால் நீர் பிரிய வைக்கும் மாத்திரையும் ஓடிக்கொண்டிருந்தது. மூன்று நாளாக வெளிக்குப் போகவில்லை என்று அம்மாவிடம் முனகியிருக்கிறார், யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. காலையில் சட்டைப் பொத்தானை ஒன்று மாற்றி ஒன்று போட்டுக்கொண்டு கிளம்பினார். பத்து மணிக்கு நன்கொடை மேசையில் உட்கார்ந்தார். அந்த ரசீதுப் புத்தகத்தை நீங்கள் மறுபடி ஒருமுறை புரட்டிப் பாருங்கள். பதினோரு ரசீது கிழித்திருக்கிறார். பதினொன்றிலும் பெயர் என்ற இடத்தில் ஒரே பெயர்தான். அது எங்கள் அப்பத்தாவின் பெயர். அப்பத்தா செத்து முப்பது வருஷத்துக்கு மேல் ஆகிறது.

அப்புறம் செருப்போடு மண்டபத்துக்குள் நடந்தார், பொருளாளர் ஐயாவைப் பார்த்து ஒருமையில் ஏதோ சொன்னார், தூணைப் பிடித்துக்கொண்டு சரிந்து உட்கார்ந்தார். நாக்கு குழறியது. "வாயில் வாடை வருது" என்று ஒருவர் சொன்னார். அவ்வளவுதான், எல்லோருக்கும் விஷயம் முடிந்துவிட்டது. இளைஞர் குழுத் தம்பிகள் நாலு பேர் கையைக் காலைப் பிடித்து வாசலுக்கு வெளியே கொண்டுபோய் உட்காரவைத்தார்கள். தண்ணீர் கொடுத்தவர் எதிர்க்கடைப் பர்மிய அம்மா. அவரை நான் மறக்க மாட்டேன்.

அந்தத் தம்பிகள் அவரை ஒரு கிளினிக்குக்குக் கூட்டிப்போனது நல்ல மனசோடுதான். ஆனால் போன இடத்தில் "குடிச்சிட்டு ரகளை பண்றார்" என்று சொன்னார்கள். கத்திக்கொண்டும் கையை உதறிக்கொண்டும் இருந்தவருக்கு அங்கே தூக்க ஊசி போட்டார்கள். ஈரல் சுருங்கிய ஆளுக்குத் தூக்க மருந்து ஆகாது. ஈரல்தான் அந்த மருந்தைக் கரைத்து வெளியே அனுப்ப வேண்டும், அது வேலை செய்யாதபோது மருந்து உடம்பிலேயே தங்கிவிடும். ஏற்கெனவே மங்கிக்கொண்டிருக்கும் மூளையை இன்னும் கீழே இழுக்கும். நான் போய்ச் சேர்ந்தபோது அப்பா கூப்பிட்டால் கண் திறந்தார். இரவு ரங்கூனுக்குக் கார் பிடித்துப் போய்ச் சேர்ந்தபோது நெஞ்செலும்பில் விரல் மூட்டால் அழுத்தித் தேய்த்தும் திறக்கவில்லை. ஒரு வார்த்தை, ஐயா. குடி என்ற அந்த ஒரு வார்த்தையைச் சொல்லாமல் "இவருக்கு ஏற்கெனவே காமாலை வந்திருக்கிறது, வயிற்றில் நீர் இருக்கிறது" என்று சொல்லியிருந்தால் அந்த ஊசி போட்டிருக்க மாட்டார்கள்.

ரங்கூனில் ஈரல் டாக்டர் எங்களுக்கு விளக்கியதை இங்கே எழுதுகிறேன், ஏனென்றால் நாளைக்கு உங்கள் வீட்டிலும் தேவைப்படலாம். நாம் சாப்பிடும் புரதத்தைக் குடலில் இருக்கும் பாக்டீரியாக்கள் உடைக்கும்போது அம்மோனியா உண்டாகிறது. மாட்டுத் தொழுவத்தில் மூக்கில் ஏறுமே, அதே அம்மோனியாதான். குடலிலிருந்து வரும் ரத்தம் முதலில் ஈரலுக்குப் போகும், ஈரல் அதை யூரியாவாக மாற்றிச் சிறுநீரோடு அனுப்பிவிடும். இது தினமும் நம் எல்லோர் உடம்பிலும் நடப்பது. ஈரல் தழும்பேறிக் கல்லாக இறுகிப்போனால் இரண்டு கெடுதல். ஒன்று, அதால் அம்மோனியாவை மாற்ற முடிவதில்லை. இன்னொன்று, இறுகிய ஈரலுக்குள் நுழைய முடியாத ரத்தம் பக்கத்து ரத்தக் குழாய்கள் வழியாகச் சுற்றிக்கொண்டு நேரே உடம்பில் கலந்துவிடுகிறது. மூளையில் நரம்பணுக்களுக்குத் துணையாக இருக்கும் செல்கள் இந்த அம்மோனியாவைப் பிடித்து குளூட்டமின் என்ற பொருளாக மாற்றுகின்றன, மாற்றி மாற்றி உள்ளே தண்ணீர் சேர்ந்து வீங்கிவிடுகின்றன. அதோடு காய்ச்சல், கிருமித்தொற்று, மலச்சிக்கல், வயிற்றுக்குள் ரத்தக்கசிவு, நீர்ச்சத்துக் குறைவு என்று ஏதாவது ஒன்று சேர்ந்தால் போதும், ஆள் கவிழ்ந்துவிடுவார். அப்பாவுக்கு ஒன்றல்ல, விரதம், வெயில், மாத்திரை, மலச்சிக்கல் எல்லாம் ஒரே வாரத்தில் சேர்ந்தன. ஊசி கடைசி.

இதற்கு ஹெபடிக் என்செபலோபதி என்று பெயர். ஈரல் சுருங்கியவர்களில் நூற்றுக்கு 30, 40 பேருக்கு ஒரு கட்டத்தில் இது வெளிப்படையாகவே வரும் என்றார் டாக்டர்.

நீங்கள் சொன்ன மூன்று சாட்சியத்துக்கும் பதில் இருக்கிறது. தள்ளாட்டமும் குழறலும் மூளை மங்கியதால் வந்தவை. வாடை? ஈரல் கெட்டவர்கள் மூச்சில் ஒரு மாதிரி இனிப்பும் பூஞ்சையும் கலந்த நெடி வரும், அதற்கு மருத்துவத்தில் தனிப் பெயரே உண்டு. அது சாராய வாடை மாதிரி இருக்காது. ஆனால் ஒருவரைக் குடிகாரர் என்று ஏற்கெனவே தீர்மானித்த மூக்குக்கு எல்லா வாடையும் சாராயம்தான்.

இப்போது கணக்குக்கு வருகிறேன். இதைத்தான் நான் விடவே மாட்டேன்.

டாக்டர்கள் இந்த நோயை நாலு படியாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். அந்த அட்டவணையை அவர் எனக்குப் படித்துக் காட்டியபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. முதல் படியில் என்ன இருக்கிறது தெரியுமா? தூக்கம் மாறுவது, கவனம் குறைவது, கூட்டல் கழித்தலில் தடுமாறுவது. இரண்டாம் படியில் நாள் கிழமை தெரியாமல் போவது, சுபாவம் மாறுவது, பொருத்தமில்லாத நடத்தை, கை படபடவென்று விழுவது. மூன்றாவது, எழுப்பினால் மட்டும் முழிக்கிற குழப்ப நிலை. நாலாவது கோமா. உங்கள் காகிதத்தில் இருக்கும் இரண்டு குற்றமும், தகாத நடத்தையும் கணக்கில் தப்பும், அந்த அட்டவணையில் நோயின் அடையாளமாக அச்சடித்து இருக்கிறது.

22 வருஷம் அப்பா எழுதிய நோட்டுகள் கோவில் பீரோவில் இருக்கின்றன. உளுந்துத் தரகுக் கடையில் பகல் முழுக்கக் கணக்கெழுதிவிட்டு, சாயங்காலம் கோவிலுக்கு வந்து சம்பளம் வாங்காமல் எழுதியவை. ஒவ்வொரு பக்கத்துக்கும் மேலே நடுவில் பிள்ளையார் சுழி. பத்தி பிசகாது. ழகரத்துக்குக் கீழே அவர் இழுக்கும் வால் ஒரு தனி அழகு, சின்ன வயசில் நான் அதைப் பார்த்துத்தான் எழுதிப் பழகினேன். இந்த வருஷத்து நோட்டை எடுங்கள். கார்த்திகை வரை ஒன்றும் தெரியாது. மார்கழியில் வரிகள் வலது பக்கம் இறங்க ஆரம்பிக்கின்றன. தையில் ஆயிரத்தின் இடத்தில் நூறு நிற்கிறது. மாசியில் ஒரு பக்கத்தில் சுழி அடியில் இருக்கிறது, அடுத்த பக்கத்தில் சுழியே இல்லை. ழகரத்தின் வால் தேய்ந்து, பிறகு காணாமல் போயிருக்கிறது. கையெழுத்து கெடுவது இந்த நோயின் பழைய அடையாளங்களில் ஒன்று. நட்சத்திரம் வரையச் சொல்லியும், தாளில் சிதறிக்கிடக்கும் எண்களை வரிசையாகக் கோடு போட்டு இணைக்கச் சொல்லியும் டாக்டர்கள் பார்ப்பது இதற்காகத்தான். நாலு மாசமாக நோய் தன்னைத் தானே உங்கள் நோட்டில் எழுதிக்கொண்டிருந்தது. மாசாமாசம் அதன் அடியில் கையெழுத்துப் போட்டவர்கள் நீங்கள்.

குறைவதாகச் சொன்ன 1,50,000 சாட் பர்மியப் பணத்தையும் நான் பார்த்துவிட்டேன். ஒரே ரசீது எண், ஒரே குடும்பம், மாசி 9 அன்று ஒரு தரமும் மாசி 12 அன்று ஒரு தரமும் வரவில் ஏற்றப்பட்டிருக்கிறது. வராத பணத்தை வந்ததாக எழுதினால் பெட்டியில் குறையத்தான் செய்யும். யாரும் எடுக்கவில்லை. இதைக் கண்டுபிடிக்க எனக்கு முக்கால் மணி நேரம் ஆனது, நான் கணக்குப் படித்தவளும் இல்லை.

எங்கள் மேலும் தப்பு உண்டு, மறைக்கவில்லை. பகலில் நாற்காலியிலேயே தூங்கி வழிவார். ராத்திரி இரண்டு மணிக்கு, கரண்ட் இல்லாத இருட்டில், எழுந்து வாசல் பெருக்குவார். "வயசாச்சு, அதான்" என்றோம். சாந்தமான மனுஷன் அம்மா மேல் எரிந்து விழுந்தபோது நான் அப்பாவோடு மூன்று நாள் பேசாமல் இருந்தேன். ஒரு உறவுக்காரர் யாரோ செய்வினை வைத்துவிட்டார்கள் என்று தாயத்து கொண்டுவந்தார், அதையும் கட்டினோம். வயிறு உப்பியபோது தொப்பை என்று கேலி செய்ததும் நாங்கள்தான். பத்து வருஷத்துக்கு முன்னால் ரத்த தானம் கொடுக்கப் போன இடத்தில் அவருக்கு ஹெபடைடிஸ் பி என்ற ஈரலைக் கெடுக்கும் கிருமி இருப்பது தெரிந்தது. கொஞ்ச நாள் மாத்திரை சாப்பிட்டார், உடம்பு நன்றாக இருக்கிறது என்று நிறுத்திவிட்டார். நாங்களும் கேட்கவில்லை. ஆனால் நாங்கள் யாரும் அதைக் காகிதத்தில் எழுதிப் பலகையில் ஒட்டவில்லை.

ரங்கூனில் முதல் நாள் ராத்திரி லாக்டுலோஸ் எனிமா கொடுத்தார்கள். லாக்டுலோஸ் என்பது இனிப்பான ஒரு சிரப், பிசுபிசுவென்று இருக்கும். குடலில் அமிலத்தைக் கூட்டி அம்மோனியாவை அங்கேயே பிடித்து மலத்தோடு வெளியே தள்ளும். இரண்டாம் நாள் அப்பா கண் திறந்தார். டாக்டர் அவரை இரண்டு கையையும் முன்னால் நீட்டி, வண்டியை நிறுத்தும் போலீஸ்காரர் மாதிரி உள்ளங்கையை நிமிர்த்தச் சொன்னார். இரண்டு நொடி நின்ற கை சட்டென்று விழுந்தது, மறுபடி நிமிர்ந்தது, மறுபடி விழுந்தது, பறவை சிறகை உதறுவது போல. கை இப்படி விழுவதை 1949-லேயே டாக்டர்கள் எழுதி வைத்துவிட்டார்களாம். மூன்றாம் நாள் காலையில் "என் கண்ணாடியை எவன் எடுத்தான்?" என்று அதட்டினார். அம்மா அழுதுவிட்டார். மருந்தும் மலமும் சரிசெய்த ஒரு விஷயத்தைத்தான் நீங்கள் ஒழுக்கக்கேடு என்று எழுதி ஒட்டியிருக்கிறீர்கள்.

இப்போது அவர் தேறியிருக்கிறார். முழுக்க இல்லை, ஈரல் பழையபடி ஆகாது. மாற்று ஈரல்தான் கடைசி வழி, அதற்கு எங்களிடம் வசதி இல்லை. நிறுத்திவிட்ட ஹெபடைடிஸ் பி மாத்திரையைத் திரும்ப ஆரம்பித்திருக்கிறோம். ஒரு நாளைக்கு இரண்டு மூன்று தடவை இளக்கமாக மலம் போகிற அளவுக்கு லாக்டுலோஸைக் கூட்டிக் குறைத்துக்கொள்ள வேண்டும். பருப்பு, முட்டை, மீன் எல்லாவற்றையும் நிறுத்து என்று பாதி ஊர் சொன்னது. அது பழைய பேச்சு என்று டாக்டர் கடுமையாகச் சொன்னார். சதை கரைந்தால் நோய் கூடும், ஏனென்றால் சதையும் அம்மோனியாவைக் கொஞ்சம் பிடித்து வைக்கும். உடம்பு எடையில் கிலோவுக்கு 1.2 முதல் 1.5 கிராம் வரை புரதம் வேண்டும், நீண்ட நேரம் பட்டினி கிடக்கக் கூடாது, படுக்கும் முன்னால் எதையாவது சாப்பிட வேண்டும். குறைக்க வேண்டியது உப்பைத்தான். உப்பில்லாமல் வைத்த மொகிங்காவை, அந்த மீன் நூடுல்ஸை, அப்பா ஒரு வாய் சாப்பிட்டுவிட்டுக் கிண்ணத்தைத் தள்ளிவிட்டார், அது வேறு கதை.

இன்னொன்று. ஆஸ்பத்திரிக் காகிதத்தைப் பார்த்தபின் உங்களில் ஒருவர், "பீ போ இருக்கிறவருக்கு அன்னதானத்தில் எப்படி இலை போடுவது?" என்று கேட்டதாகக் கேள்விப்பட்டேன். பீ போ என்றால் பர்மியத்தில் ஹெபடைடிஸ் பி கிருமி. இந்தக் கிருமி சோற்றாலும், தண்ணீராலும், பக்கத்தில் உட்காருவதாலும், கையைத் தொடுவதாலும் பரவாது. ரத்தத்தால் பரவும், உடலுறவால் பரவும், பிரசவத்தில் தாயிடமிருந்து குழந்தைக்கு வரும். பிறக்கும்போதே தொற்றினால் பத்துக்கு ஒன்பது பேருக்கு ஆயுசுக்கும் தங்கிவிடும். அப்பத்தா வயிறு வீங்கித்தான் செத்தார், அப்போது மகோதரம் என்றார்கள். அப்பாவுக்கும் சித்தப்பாவுக்கும் இருப்பதற்குக் காரணம் அதுவாகத்தான் இருக்கும். இந்த மியான்மர் நாட்டில் 2015-ல் எடுத்த கணக்கெடுப்பில் நூற்றுக்கு ஆறு பேருக்கு மேல் ஹெபடைடிஸ் பி இருந்தது. அப்படியென்றால் நம் அன்னதானப் பந்தியில் ஒரு வரிசைக்கு ஒருவராவது உட்கார்ந்திருப்பார், அவருக்கே தெரியாமல்.

பயப்பட வேண்டியது எதற்கு என்று சொல்லட்டுமா? உத்திரத்தன்று கிணற்றடியில் ஒரே சவரக் கத்தியால் எத்தனை பேருக்கு மொட்டை அடித்தார்கள் என்று எண்ணியிருக்கிறீர்களா? அலகு குத்தும் ஊசிகளை வெந்நீரில் முக்கி எடுத்து அடுத்த ஆளுக்குக் குத்துவதை நான் நின்று பார்த்திருக்கிறேன். காய்ந்த ரத்தத்தில்கூட இந்தக் கிருமி ஏழு நாள் உயிரோடு இருக்கும்.

இன்னும் ஒன்றையும் சொல்லிவிட வேண்டும். அப்பா குடிக்காதவர் என்பதற்காக மட்டும் நான் கோபப்படவில்லை. எங்கள் சந்தில் ஒருவர் நிஜமாகவே குடித்தவர். கடைசி வருஷம் குடியை நிறுத்திவிட்டார், யாரும் நம்பவில்லை. அவரும் இப்படித்தான் பேச்சு மாறி, கை நடுங்கி, தெருவில் கைலி அவிழ நின்றார். சிறுவர்கள் சிரித்தார்கள், பெரியவர்கள் கதவைச் சாத்தினார்கள். நானும் சாத்தினேன். இரண்டு நாள் கழித்துச் செத்துப்போனார், தூக்கிப் போட்டோம். குடித்து ஈரல் கெட்டவர் மூளைக்கும் அதே அம்மோனியாதான் ஏறும், அதே சிரப்தான் மருந்து. அவரை ஏன் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போகவில்லை என்று இப்போது யாரைக் கேட்பது.

சரி, நான் கேட்பது இவைதான்.

அந்தக் காகிதத்தை இந்த வாரமே எடுங்கள். எடுத்தால் மட்டும் போதாது. அதே பலகையில், அதே இரண்டு மொழியில், அப்பா குடித்திருக்கவில்லை, நோயால் அப்படி ஆனார், பணம் எதுவும் குறையவில்லை என்று தலைவர் கையெழுத்தோடு ஒட்ட வேண்டும். வெள்ளிக்கிழமை பூஜை முடிந்ததும் ஒலிபெருக்கியிலும் சொல்ல வேண்டும், ஏனென்றால் நீக்கிய செய்தியையும் அதில்தான் சொன்னீர்கள்.

கணக்கர் பொறுப்பைத் திரும்பக் கேட்கவில்லை. அவரே வேண்டாம் என்கிறார், மறுபடி தப்பு வந்துவிடுமோ என்ற பயம். ஆனால் அன்னதானக் கூடத்துக்குள் அவர் வர வேண்டும், எல்லோரோடும் ஒரே பந்தியில், தனி இலை தனி மூலை என்ற பேச்சில்லாமல். மடப்பள்ளிக்குப் பின்னால் இருக்கும் கழிவறையைப் பூட்டி வைத்திருக்கிறீர்களே, அதைத் திறந்து வைக்கச் சொல்லுங்கள். லாக்டுலோஸ் குடிக்கிற மனுஷனுக்குச் சாவியைத் தேடிக்கொண்டிருக்க நேரம் இருக்காது.

மொட்டைக்கு ஆளுக்கொரு புது பிளேடு, அலகுக்கு ஆளுக்கொரு புது ஊசி என்று இந்த ஆடியிலிருந்தே விதி போடுங்கள். பிளேடுச் செலவை உண்டியலில் எடுக்க மனமில்லை என்றால் எங்கள் குடும்பம் கொடுக்கும். ஈரல் நோய், சர்க்கரை நோய் உள்ளவர்கள் டாக்டரைக் கேட்காமல் விரதம் இருக்க வேண்டாம் என்று காப்பு கட்டும் அன்றைக்கே குருக்களைச் சொல்லச் சொல்லுங்கள். அவர் சொன்னால் கேட்பார்கள், நான் சொன்னால் கேட்க மாட்டார்கள். வருஷத்துக்கு ஒரு தரம் மண்டபத்தில் ஹெபடைடிஸ் பி, சி ரத்தப் பரிசோதனை வையுங்கள். ஹெபடைடிஸ் பி இல்லாதவர்களுக்கு அங்கேயே அதற்கான தடுப்பூசி போட ஏற்பாடு செய்யுங்கள். பிள்ளை பிறந்த 24 மணி நேரத்துக்குள் போட வேண்டிய முதல் ஊசியைப் பற்றிக் கர்ப்பிணிப் பெண்களிடம் மாதர் குழு மூலம் சொல்லுங்கள்.

இளைஞர் குழுத் தம்பிகளுக்கும் ஒரு நாள் ஒதுக்குங்கள். கோவிலில் யாராவது உளறினால், தள்ளாடினால், முதலில் கண்ணில் மஞ்சள் இருக்கிறதா, வயிறு உப்பியிருக்கிறதா என்று பார்க்கட்டும். கையை நீட்டச் சொல்லட்டும். வீட்டுக்குப் போன் போட்டு என்ன மாத்திரை சாப்பிடுகிறார் என்று கேட்கட்டும். கூட்டிப்போகிற இடத்தில் கண்ணால் பார்த்ததை மட்டும் சொல்லட்டும்.

ஆடிக் கடைசி ஞாயிறு கமிட்டிக் கூட்டம் இருக்கிறது. பெண்கள் கூட்டத்துக்கு வருவது வழக்கம் இல்லை என்று எனக்குத் தெரியும். ஆஸ்பத்திரிக் காகிதமும் மாசி மாதக் கணக்கின் நகலும் எடுத்துக்கொண்டு காலை ஒன்பது மணிக்கு வருவேன். பதினோரு ரசீதின் அடிக்கட்டையை நீங்கள் எடுத்து வையுங்கள்.

கணக்கரின் மூத்த மகள்